ஒவ்வொரு நொடிக்கும் சான்று: வரலாற்று ஆவணப்பட இயக்குநராக விரும்புவோருக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

1916-ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம் பிரிட்டனின் திரையரங்குகளில், முதல் உலகப் போரின்போது பிரான்சில் நடந்த சோம் போரைப் பற்றிய படம் ஒன்று வெளியானது. போர் நடந்துகொண்டிருந்தபோதே இலட்சக்கணக்கானோர் பார்த்த அந்தப் படத்தில், பதுங்கு அகழியிலிருந்து வீரர்கள் மேலேறுவதும், ஏறும்போதே ஒருவர் சுடப்பட்டு மண்சரிவில் வழுக்கி விழுவதும் சில நொடிகள் வரும். அவை போர்முனையில் எடுக்கப்பட்டவை அல்ல, முனைக்குப் பின்னாலிருந்த பயிற்சித் திடலில் நடித்துக் காட்டப்பட்டவை என்பதே இன்று ஆய்வாளர்கள் ஏற்றுக்கொண்ட முடிவு. ஆயினும் பின்னர் வந்த எத்தனையோ படங்களும் தொலைக்காட்சித் தொடர்களும் அந்த நொடிகளை உண்மைப் போர்க்காட்சி என்றே எடுத்துப் பயன்படுத்தின. ஒவ்வொரு இயக்குநரும் தமக்கு முந்தைய இயக்குநரை நம்பினார். மூலச் சுருளைத் தேடிச் சென்றவர்கள் மிகச் சிலரே.

வரலாற்று ஆவணப்படத் தொழில் எத்தகையது என்பதை இந்த ஒரு செய்தியே சொல்லிவிடுகிறது. கேமராவைக் கையாளத் தெரிந்தவர்களும் கதை சொல்லத் தெரிந்தவர்களும் நிறையவே இருக்கிறார்கள். தம் படத்தின் எந்த நொடியைக் கேட்டாலும், "இது எங்கிருந்து வந்தது, யார் எடுத்தது, எப்போது, எதற்காக, இதைப் பயன்படுத்த எனக்கு யார் உரிமை தந்தது?" என்பதற்கு விடை வைத்திருப்பவர்கள்தான் இத்துறையில் நீடிக்கிறார்கள். கீழே வரும் படிகள் அனைத்தும் அந்த விடையைச் சேர்த்துவைக்கும் வழிமுறைகளே.

முதல் படி: வரலாற்றாய்வு முறையைக் கற்றல்

வரலாற்றில் பட்டம் இருந்தால் நல்லது, இல்லாவிட்டால் தடையில்லை. முதன்மைச் சான்றுக்கும் துணைச் சான்றுக்கும் உள்ள வேறுபாடு, ஒரே நிகழ்வைப் பற்றி இரண்டு ஆவணங்கள் முரண்படும்போது எதை ஏன் நம்புவது என்ற தீர்ப்பு, ஓர் ஆவணம் சொல்வதோடு அது சொல்லாமல் விட்டதையும் கவனிக்கும் பழக்கம் ஆகியவைதான் அடிப்படைத் தேவைகள். தாம் எடுக்க விரும்பும் காலகட்டத்தின் மொழியையும் கையெழுத்தையும் படிக்கக் கற்றுக்கொள்வது, விலையுயர்ந்த லென்ஸ் வாங்குவதைவிட அதிகப் பயன் தரும்.

தொடக்கநிலையில் இருப்பவர்களுக்கு ஒரு பயிற்சியைப் பரிந்துரைப்பேன். ஒரே ஒரு பழைய புகைப்படத்தை எடுத்துக்கொண்டு அதைப் பற்றி இரண்டு பக்கம் எழுதுங்கள். எடுத்தவர் எங்கே நின்றார், நிழல் எந்தப் பக்கம் விழுகிறது, ஓரத்தில் பாதியாக வெட்டப்பட்டிருப்பவர் யார், படத்தின் பின்புறம் என்ன எழுதியிருக்கிறது, முதலில் எங்கே அச்சானது, அங்கே என்ன விளக்கத்தோடு அச்சானது என்று ஒவ்வொன்றாகத் தேடுங்கள். இரண்டு வாரம் பிடித்தால் சரியான வேகத்தில் இருக்கிறீர்கள்.

இரண்டாம் படி: துறைக்குள் நுழையும் வாசல்

நேராக இயக்குநராக நுழைபவர்கள் அரிது. உதவிப் படத்தொகுப்பாளர், தயாரிப்பு உதவியாளர், நேர்காணல்களை எழுத்துவடிவாக்குபவர், காப்பக ஆய்வாளர் என்று பல வாசல்கள் உள்ளன. என் கணிப்பில், வரலாற்றுப் படம் எடுக்க விரும்புபவருக்கு இவற்றுள் சிறந்தது காப்பக ஆய்வாளர் பணிதான். எந்தக் காப்பகத்தில் என்ன இருக்கிறது, எந்தப் பட்டியலை எப்படித் தேடினால் கிடைக்கும், உரிமத்துக்கு எவ்வளவு கேட்பார்கள், எவ்வளவுக்கு இறங்குவார்கள் என்பதெல்லாம் அங்கேதான் தெரியவரும். பின்னாளில் சொந்தப் படம் எடுக்கும்போது இந்த அறிவே பட்ஜெட்டைக் காப்பாற்றும். படம் இல்லாத மாதங்களில் இதே திறமை பிறர் படங்களில் வேலை பெற்றுத் தரும்.

படத்தொகுப்பு அறையில் கழியும் ஓராண்டும் வீண்போகாது. இயக்குநர் எடுத்து வராத காட்சி எது என்பது அந்த அறையில்தான் தெரியும்.

மூன்றாம் படி: பொருளைத் தேர்ந்தெடுத்தல்

நல்ல வரலாறு என்பதாலேயே அது நல்ல படமாகிவிடாது. ஒரு பொருளை ஏற்பதற்குமுன் மூன்று கேள்விகள் கேட்கவேண்டும். பார்ப்பதற்கு என்ன இருக்கிறது? கண்ணால் கண்டவர்கள் யாரேனும் உயிரோடு இருக்கிறார்களா? இதுவரை யாரும் பயன்படுத்தாத ஒரு கடிதக் கட்டோ, ஒலிநாடாவோ, வழக்குக் கோப்போ கைக்கெட்டுமா? மூன்றுக்கும் விடை இல்லை என்றால் அதைக் கட்டுரையாக எழுதுவதே நேர்மை.

முதல் கேள்விக்கு எல்லைக்கோடுகள் தெளிவாகவே உள்ளன. புகைப்படக்கலை உலகுக்கு அறிவிக்கப்பட்டது 1839-இல். லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் கட்டணம் வாங்கிப் படம் காட்டியது 1895 டிசம்பரில். அதற்குச் சில ஆண்டுகள் முன்பிருந்து எடுக்கப்பட்ட சில தொடக்ககாலப் படங்களைத் தவிர, அதற்கு முந்தைய நிகழ்வுகளுக்கு அசையும் படம் கிடையாது. ஆனால் படம் இல்லாமையே ஒரு பாணியைப் பிறப்பிக்கவும் கூடும். 1861 முதல் 1865 வரை நடந்த அமெரிக்க உள்நாட்டுப் போரைப் பற்றிக் கென் பர்ன்ஸ் இயக்கிய ஒன்பது பகுதித் தொடர் 1990-இல் ஒளிபரப்பானபோது, அதன் முதுகெலும்பாக இருந்தவை அசையாப் புகைப்படங்களும் கடிதங்களுமே. புகைப்படத்தின்மீது கேமரா மெல்ல நகரும் அந்த உத்திக்கு, பின்னர் படத்தொகுப்பு மென்பொருள்களில் அவர் பெயரையே வைத்தார்கள். இதற்கு நேர் எதிர்த் திசையில் சென்றவர் குளோட் லான்ஸ்மான். யூத இனப்படுகொலையைப் பற்றிய அவருடைய 'ஷோவா' 1985-இல் வெளிவந்தது. ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் ஓடும் அந்தப் படத்தில் ஒரு நொடிகூடக் காப்பகக் காட்சி இல்லை. சாட்சிகளின் முகங்களும், பல்லாண்டுகளுக்குப் பிறகு அதே இடங்கள் கிடந்த நிலையும் மட்டுமே உள்ளன. பழைய படம் கிடைக்காததால் கைவிட நேர்ந்தது என்று சொல்லும் முன் இவ்விரண்டையும் நினைத்துப் பார்ப்பது நல்லது.

தொலைக்காட்சி நிறுவனங்கள் ஆண்டு நிறைவுகளை விரும்புகின்றன. ஐம்பதாம் ஆண்டு, நூறாம் ஆண்டு என்றால் பணம் எளிதாகக் கிடைக்கும். அந்த நாளைக் குறிவைப்பதாக இருந்தால் மூன்று நான்கு ஆண்டுகளுக்கு முன்பே தொடங்கிவிட வேண்டும், ஏனெனில் அதே எண்ணம் வேறு பலருக்கும் தோன்றியிருக்கும்.

நான்காம் படி: காப்பகத்தில் தேடுதல்

தேடலின் முதல் நாளிலேயே ஓர் அட்டவணையைத் தொடங்குங்கள். காட்சியின் எண், காப்பகத்தின் பெயர், அங்குள்ள பட்டியல் எண், எடுத்தவர், எடுத்த நாள், இடம், மூலச் சுருளின் வகை, நம்மிடம் உள்ள பிரதியின் தரம், உரிமையாளர், உரிமத்தின் நிலை, ஐயங்கள் என்று பத்துப் பதினொரு நிரல்களாவது வேண்டும். கடைசியிலுள்ள ஐயங்களுக்கான நிரலைத்தான் பலரும் விட்டுவிடுகிறார்கள். பின்னாளில் வம்பில் மாட்டிவிடுவதும் அதுதான். இணையத்திலிருந்து இறக்கிய ஒரு துண்டை "தற்காலிகம்" என்று எழுதித் தொகுப்பில் சேர்த்து, எங்கிருந்து எடுத்தோம் என்பதை மறந்து, படம் முடியும் தறுவாயில் அதன் உரிமையாளரைத் தேடி அலையாத ஆவணப்படக் குழு அநேகமாக இல்லை. நானும் அலைந்திருக்கிறேன்.

காப்பகப் பட்டியல்களை எழுதியவர்கள் அவரவர் காலத்து மனிதர்கள். எனவே இன்றைய சொற்களைக் கொண்டு தேடினால் பாதிதான் கிடைக்கும். ஊர்களின் பழைய பெயர்கள், அந்நாளைய எழுத்துக்கூட்டல்கள், ஆட்சியாளர்கள் மக்களைக் குறிக்கப் பயன்படுத்திய, இன்று நம் காதுக்கு உறுத்தலாக ஒலிக்கும் சொற்கள் ஆகியவற்றையும் இட்டுத் தேடவேண்டும். ஆட்சியாளர் "கலகம்" என்று பதிந்ததை மக்கள் "போராட்டம்" என்றிருப்பார்கள். பட்டியலில் இருப்பது முதல் சொல்தான். ஓர் ஆளுநரின் வருகை என்று தலைப்பிடப்பட்ட சுருளில், ஆளுநரைக் கடந்து கேமரா திரும்பும் நான்கு நொடிகளில் உங்களுக்கு வேண்டிய தெருவும் கூட்டமும் இருக்கக்கூடும். ஆதலால் தலைப்பை மட்டும் படித்து ஒதுக்காமல், காட்சிவாரிக் குறிப்பையும், ஒளிப்பதிவாளர் சுருளோடு அனுப்பிய குறிப்புத்தாளையும் கேட்டு வாங்குங்கள். செய்திப்படத்தின் வர்ணனை ஆசிரியர் பிற்பாடு மாற்றி எழுதியதாக இருக்கலாம்; ஒளிப்பதிவாளரின் குறிப்புத்தாள் பெரும்பாலும் அந்த இடத்திலேயே எழுதப்பட்டது.

எங்கே தொடங்குவது என்று தெரியாதவர்கள், 1938-இல் பாரிஸில் உருவான பன்னாட்டுத் திரைப்படக் காப்பகக் கூட்டமைப்பின் உறுப்பினர் பட்டியலைப் பார்க்கலாம். போர்க்காலப் படங்களுக்கு லண்டனிலுள்ள இம்பீரியல் வார் மியூசியமும், பலவகைத் தொகுப்புகளுக்கு வாஷிங்டனிலுள்ள காங்கிரஸ் நூலகமும், பிரெஞ்சு ஒளிபரப்புகளுக்கு அந்நாட்டின் தேசிய ஒலி-ஒளிக் காப்பகமான ஐ.என்.ஏ. நிறுவனமும் பேரளவுக் களஞ்சியங்கள். பிரிட்டிஷ் பாத்தே நிறுவனம் 2014-இல் ஏறத்தாழ 85,000 செய்திப்படங்களை யூடியூபில் ஏற்றியது. அவற்றை எவரும் பார்க்கலாம், ஆனால் படத்தில் சேர்க்க உரிமம் வாங்கியே தீரவேண்டும். பெருநிறுவனங்களிடம் இல்லாதவை குடும்பங்களின் அலமாரிகளில் இருக்கும். 16 மில்லிமீட்டர் படச்சுருள் 1923-இலும் 8 மில்லிமீட்டர் 1932-இலும் விற்பனைக்கு வந்த பிறகு, வசதி படைத்தவர்கள் தாங்களே எடுத்த வீட்டுப் படங்களில் எந்தச் செய்திப்பட நிறுவனமும் எட்டிப் பார்க்காத வாழ்க்கை பதிவாகியிருக்கிறது.

சுருளைப் பற்றி இரண்டு தொழில்நுட்ப உண்மைகள் தெரிந்திருக்கவேண்டும். 1950-களின் தொடக்கம் வரை திரையரங்குகளுக்கான 35 மில்லிமீட்டர் படங்கள் பெரும்பாலும் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருளில் இருந்தன. அவற்றைக் காப்பகங்கள் தனிக் கிடங்கில் வைக்கும், உங்களுக்குக் கிடைப்பது பிரதியே. அடுத்தது வேகம். கையால் சுழற்றி எடுக்கப்பட்ட மௌனப் படங்கள் பல, நொடிக்குப் பதினாறு பதினெட்டு சட்டங்கள் (ஃபிரேம்கள், அதாவது தனித்தனி அசையாப் படங்கள்) என்ற அளவில் எடுக்கப்பட்டவை. அவற்றை நொடிக்கு 24 சட்டங்களாக ஓட்டினால் மனிதர்கள் துள்ளித் துள்ளி ஓடுவார்கள். அந்தக் காலத்தவர் கேலிக்குரியவர்களாகத் தெரிவதற்கு இதுவே காரணம். வேகத்தைச் சரிசெய்தவுடன் நம்மைப் போலவே நடப்பார்கள்.

நடிப்பை நிகழ்வாக எடுத்துக்கொள்ளும் ஆபத்து போர்ப்படங்களோடு நிற்பதில்லை. 1917-இல் பெட்ரோகிராடின் குளிர்கால அரண்மனை கைப்பற்றப்பட்டதைக் காட்டுவதாகப் பல படங்களில் இடம்பெறும் பெருங்கூட்டக் காட்சி, ரஷ்யப் புரட்சியின் பத்தாம் ஆண்டு நிறைவுக்காகச் சோவியத் இயக்குநர் ஐசென்ஸ்டீன் எடுத்த கதைப்படத்தில் உள்ளது. ஒளியமைப்பு மிக நேர்த்தியாக இருந்தாலோ, ஓடி வருபவர்களுக்கு முன்னால் கேமரா அச்சமின்றி நின்றிருந்தாலோ ஐயப்படத் தொடங்குங்கள்.

ஐந்தாம் படி: உரிமைகளைத் தீர்த்தல்

புகைப்படத்தைக் கையில் வைத்திருப்பவர் வேறு, அதன் பதிப்புரிமைக்குச் சொந்தக்காரர் வேறு. தாத்தாவின் படத்தைப் பேத்தி தரலாம். அதை எடுத்த ஸ்டுடியோவின் வாரிசுகளுக்கு இன்னும் உரிமை இருக்கக்கூடும். பதிப்புரிமைக்கான பன்னாட்டு ஒப்பந்தமான பெர்ன் உடன்படிக்கை, உரிமைக் காலத்தைப் பொதுவாகப் படைப்பாளி இறந்தபின் குறைந்தது 50 ஆண்டுகள் என்று வரையறுக்கிறது. ஐரோப்பிய ஒன்றிய நாடுகளில் அது 70 ஆண்டுகள், இந்தியாவில் 60. புகைப்படத்துக்கும் திரைப்படத்துக்கும் வேறு கணக்கு வைத்திருக்கும் நாடுகளும் உண்டு. அமெரிக்க மத்திய அரசின் அலுவலர்கள் பணியின் பகுதியாக எடுத்த படங்களுக்கு அந்நாட்டில் பதிப்புரிமை இல்லை என்பதால் பலர் அங்கே ஓடுகிறார்கள். ஆனால் அரசு வெளியிட்ட ஒரு படத்துக்குள் தனியார் செய்திப்படத் துண்டோ இசையோ செருகப்பட்டிருந்தால் அந்தப் பகுதிக்கு இந்த விலக்கு பொருந்தாது.

உரிமத்தில் மூன்று அளவுகள் உண்டு: எந்த ஊடகம், எந்த நிலப்பரப்பு, எத்தனை காலம். பணம் குறைவாக உள்ள குழுக்கள் காலத்தைச் சுருக்கி வாங்குவது வழக்கம். அதன் விளைவை அமெரிக்கக் குடிமை உரிமைப் போராட்டத்தைப் பற்றி 1987-இல் வெளியான 'ஐஸ் ஆன் தி பிரைஸ்' தொடர் அனுபவித்தது. காப்பகக் காட்சிகளுக்கும் பாடல்களுக்கும் வாங்கிய உரிமங்கள் 1990-களில் காலாவதியானதால், பெரிதும் போற்றப்பட்ட அத்தொடரைப் பல ஆண்டுகள் ஒளிபரப்பவோ புதிதாக விற்கவோ முடியாமல் போயிற்று. நிதி திரட்டி உரிமங்களைப் புதுப்பித்த பிறகே 2006-இல் மீண்டும் தொலைக்காட்சியில் வந்தது. இயன்றவரை எல்லா ஊடகத்துக்கும், உலகம் முழுமைக்கும், காலவரையின்றி என்றே விலை கேளுங்கள். கட்டுப்படியாகவில்லை என்றால் காலத்தைக் குறைக்காமல், காட்சிகளின் நொடிகளைக் குறையுங்கள்.

சில சூழல்களில் பிறர் படைப்பின் பகுதியை அனுமதி வாங்காமலே பயன்படுத்த இடம் தரும் நியாயமான பயன்பாடு என்ற விதிவிலக்கு நாட்டுக்கு நாடு மாறுபடும். அமெரிக்க ஆவணப்படத்தார் 2005-இல் தமக்கென ஒரு நடைமுறை அறிக்கையை வெளியிட்டார்கள். அதற்குப் பின் அங்குள்ள காப்பீட்டு நிறுவனங்கள் இந்த விதிவிலக்கை ஏற்கத் தொடங்கின. எந்த நாட்டிலும் ஒரு வழக்குரைஞரின் எழுத்துவடிவக் கருத்து இல்லாமல் இதை நம்பி இறங்கவேண்டாம். ஒளிபரப்பு நிறுவனங்கள் பலவும், அவதூறு, உரிமை மீறல் வழக்குகளுக்கு எதிரான காப்பீட்டைப் படத்தோடு சேர்த்துக் கேட்கும். காப்பீடு தருபவர் முதலில் கேட்பது நான்காம் படியில் தொடங்கிய அந்த அட்டவணையைத்தான்.

ஆறாம் படி: நேர்காணல்

வயதில் மூத்தவரை முதலில் பதிவு செய்யுங்கள். நிதி வரட்டும் என்று காத்திருக்கவேண்டாம். முதல் சந்திப்புக்குக் கேமரா இல்லாமல் செல்வது நல்லது. ஆனால் அன்று முழுக் கதையையும் கேட்டுவிட்டால், படப்பிடிப்பு நாளில் "அன்றைக்கே சொன்னேனே" என்று சுருக்கிவிடுவார். எனவே நாள், இடம், உறவுகள், அவரிடமுள்ள படங்கள், கடிதங்கள் ஆகியவற்றோடு முதல் சந்திப்பை நிறுத்திக்கொள்ளவேண்டும்.

நினைவு தேதிகளில் பிசகும். ஒருவர் தாம் கண்டதையும், பின்னால் படித்ததையும், வேறொரு ஆவணப்படத்தில் பார்த்ததையும் ஒன்றாகக் கலந்து, சிறிதும் பொய் கலவாத மனத்தோடு சொல்லக்கூடும். அவரைத் திருத்துவது நேர்காணல் எடுப்பவரின் வேலையல்ல. அவர் நின்ற இடம், கேட்ட ஓசை, கையில் வைத்திருந்த பொருள் என்று கேட்டுக்கொண்டே போனால், கண்டதும் கேள்விப்பட்டதும் தாமாகவே பிரியும். துயரத்தைப் பேசுபவரிடம் எப்போது வேண்டுமானாலும் நிறுத்தலாம் என்பதைத் தொடக்கத்திலேயே சொல்லிவிட வேண்டும். அவர் மௌனமாகும்போது அடுத்த கேள்வியை அவசரமாக எறியக்கூடாது. ஒப்புதல் படிவத்தை அவர் மொழியில் அமைத்து, படித்துக் காட்டியபின் கையெழுத்து வாங்குங்கள். கிளம்புமுன் அறையின் வெற்று ஒலியை முப்பது நொடிகள் பதிவுசெய்ய மறந்தால் தொகுப்பாளர் உங்களை மன்னிக்கமாட்டார்.

ஒவ்வொரு நேர்காணலையும் டைம்கோடு (பதிவில் அந்தப் பேச்சு வரும் நேர எண்) குறித்து, சொல்லுக்குச் சொல் எழுத்தாக்குங்கள். இயந்திரம் எழுதித் தந்தாலும், ஊர்ப்பெயர்களையும் ஆட்பெயர்களையும் ஒரு மனிதர் கேட்டுச் சரிபார்த்தாகவேண்டும்.

ஏழாம் படி: நிதி

ஒரு பக்கச் சுருக்கம், ஐந்தாறு பக்கக் காட்சிவிளக்கம், விரிவான பட்ஜெட், மூன்று நான்கு நிமிட மாதிரிப் படம் ஆகியவை இல்லாமல் எந்தக் கதவும் திறப்பதில்லை. ஆம்ஸ்டர்டாமில் 1988 முதல் நடக்கும் இட்ஃபா விழாவும், டொராண்டோவின் ஹாட் டாக்ஸும், ஷெஃபீல்டு ஆவணப்பட விழாவும் தயாரிப்பாளர்களையும் நிதி தருபவர்களையும் நேரில் சந்திக்க வழி செய்கின்றன. அமெரிக்க வரலாற்றை எடுப்பவர்களுக்குக் காங்கிரஸ் நூலகத்தோடு இணைந்து 2019 முதல் வழங்கப்படும் லவீன்–கென் பர்ன்ஸ் பரிசு, முடியும் தறுவாயிலுள்ள ஒரு படத்துக்கு 2,00,000 டாலர் தருகிறது. பட்ஜெட்டில் காப்பகச் செலவை உத்தேசமாக எழுதாதீர்கள். எத்தனை நிமிடம், எந்தக் காப்பகம், நிமிடத்துக்கு என்ன விலை, குறைந்தபட்சக் கட்டணம் உண்டா என்று பிரித்து எழுதுங்கள். உரிமக் கட்டணத்துக்கு மேலாக, உயர்தரப் பிரதி எடுத்துத் தருவதற்குத் தனிக் கட்டணம் வசூலிக்கும் காப்பகங்கள் பல.

எட்டாம் படி: தொகுப்பும் சரிபார்ப்பும்

எழுத்தாக்கப்பட்ட நேர்காணல்களை வெட்டி ஒட்டித் தாளிலேயே ஒரு படம் செய்து பார்ப்பது இன்றும் நல்ல வழி. அதன்பின் வரும் ஒவ்வொரு தொகுப்பிலும், தற்காலிகக் காட்சிகளின்மீது அவற்றின் அட்டவணை எண் தெரியும்படி வையுங்கள். வர்ணனையின் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் பக்க எண்ணோடு சான்று குறித்த ஒரு பிரதியைத் தயாரித்து, படத்தோடு தொடர்பில்லாத ஒருவரிடம் சரிபார்க்கக் கொடுங்கள்.

இங்கேதான் பெரிய சபலங்கள் வருகின்றன. 1941-இல் நடந்ததைச் சொல்லும்போது 1943-இல் எடுத்த பீரங்கி வண்டியைக் காட்டினால் யாருக்குத் தெரியும் என்று தோன்றும். தெரிந்தவர்கள் இருக்கிறார்கள், எழுதுவார்கள். அதைவிட முக்கியமாக, உங்கள் படத்தைச் சான்றாகக் கொண்டு அடுத்தவர் அதே தவறைச் செய்வார். வண்ணமேற்றல் பற்றி வல்லுநர்களிடையே ஒத்த கருத்து இல்லை. 2018-இல் பீட்டர் ஜாக்சன் இம்பீரியல் வார் மியூசியத்தின் முதல் உலகப் போர்க் காட்சிகளுக்கு வேகம் திருத்தி, வண்ணமேற்றி, உதட்டசைவைப் படிப்பவர்களைக் கொண்டு வீரர்கள் பேசியதைக் கண்டறிந்து குரல் சேர்த்தபோது, பார்வையாளர் நெகிழ்ந்தார்கள். காப்பகத்தார் சிலர் முகம் சுளித்தார்கள். வேகம் திருத்துவது பிழைநீக்கம், வண்ணமேற்றுவது ஊகம் என்பது என் நிலைப்பாடு. ஊகம் செய்யலாம், சொல்லிவிட்டுச் செய்யவேண்டும். செயற்கை நுண்ணறிவால் உருவாக்கிய படமும் குரலும் இதைவிடக் கடுமையான கட்டுப்பாட்டைக் கோருகின்றன. காப்பகத் தயாரிப்பாளர்களின் கூட்டமைப்பு ஒன்று 2024-இல் வெளியிட்ட நெறிமுறைகள், அத்தகைய ஆக்கங்களைப் பார்வையாளருக்கு வெளிப்படையாகத் தெரிவிக்கச் சொல்கின்றன. இறுதிப் பெயர்ப்பட்டியலில் ஒரு வரி போதாது. அந்தக் காட்சி ஓடும்போதே திரையில் தெரியவேண்டும்.

ஒன்பதாம் படி: வெளியீடும் அதற்குப் பின்னரும்

விழாக்களும் தொலைக்காட்சியும் இணையத்தில் படம் காட்டும் ஓடைத்தளங்களும் (ஓ.டி.டி.) ஒருபுறம் இருக்க, வரலாற்றுப் படங்களுக்கு நெடுங்கால வாழ்வு தருபவை பல்கலைக்கழகங்களும் அருங்காட்சியகங்களுமே. அவற்றுக்கான உரிமையைத் தனியாக வைத்துக்கொண்டு ஒப்பந்தம் போடுங்கள். ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் இடையே பல ஆண்டுகள் ஓடும். அந்த இடைவெளியைப் பிறர் படங்களுக்கான காப்பக ஆய்வு, படத்தொகுப்பு, கற்பித்தல், அருங்காட்சியகங்களுக்கான குறும்படம் ஆகியவற்றால் நிரப்புவதே பெரும்பாலோரின் வாழ்க்கைமுறை.

படம் வெளியான பிறகு ஒரு வேலை மீதமிருக்கும். தொண்ணூறு நிமிடப் படத்துக்காக எண்பது மணி நேர நேர்காணல் எடுத்திருந்தால், எழுபத்தெட்டு மணி நேரத்துக்கும் மேல் உங்கள் ஹார்ட் டிஸ்க்கில் உறங்கிக்கொண்டிருக்கும். அதை முழுமையாக, எழுத்துவடிவத்தோடும் ஒப்புதல் படிவங்களோடும் அட்டவணையோடும் ஒரு பொதுக் காப்பகத்தில் ஒப்படையுங்கள். எந்தப் பகுதியை எந்த ஆண்டுவரை திறக்கக்கூடாது என்று பேசியவர் கேட்டிருந்தால் அதையும் எழுதிக் கொடுங்கள். எடுத்தவர் பெயர், நாள், இடம், நோக்கம், ஐயங்கள் என்ற நிரல்களை இம்முறை உங்கள் சொந்தக் காட்சிகளுக்காக நிரப்பவேண்டும். மறுநடிப்புக் காட்சிகள் இருந்தால் அவை மறுநடிப்பே என்பதைப் பெட்டியின்மீதும் கோப்பின் பெயரிலும் எழுதிவிடுங்கள்.